சாவி தொலைந்த அலமாரி

— இன்னொரு தடவை படிங்க ஐயா. மெதுவா, ஒவ்வொரு எழுத்தா.

— மூணு தடவை படிச்சாச்சும்மா. கம்ப்யூட்டர் திரையில சாம்பல் கலர்ல ஒரு பெட்டி வருது. அதுக்குள்ள சிவப்பு வட்டம், வட்டத்துல ஒரு பெருக்கல் குறி. பக்கத்துல இங்கிலீஷு. எனக்கு எழுத்து தெரியும், அதெல்லாம் கூடி என்ன சொல்லுதுன்னு தெரியாது. ஏ-யில இருந்து இசட் வரைக்கும் நாப்பது வருஷம் கட்டு அடுக்கினவன். என் படிப்பு அவ்வளவுதான்.

— அதுவே போதும். கடைசி வரியை மட்டும் சொல்லுங்க.

— எல், ஐ, பி. கீழ ஒரு கோடு. டி, பி. ஒரு புள்ளி. டி, எல், எல். கொஞ்சம் இடம் விட்டு என், ஓ, டி. திரும்ப இடம் விட்டு எஃப், ஓ, யூ, என், டி.

— ம். நினைச்சேன்.

— நினைச்சதை வெளிய சொல்லு. நீ அங்க நினைச்சுக்கிட்டே இருந்தா இங்க எனக்கு என்ன தெரியும்?

— அந்த ஃபைல் கிடைக்கலைன்னு சொல்லுது. அது டேட்டாபேஸ் லைப்ரரி. ஐயா, நீங்க யாரு, என்ன அவசரம்னு இன்னும் ஒழுங்கா சொல்லல. நான் மீட்டிங்ல இருந்து எழுந்து வந்து மாடிப்படியில நிக்கறேன். அந்தப் புரோகிராமை எழுதி எட்டு வருஷம் ஆச்சு. இப்ப வேற கம்பெனி.

— உன் நம்பரு இந்தக் கம்ப்யூட்டர் பெட்டி ஓரத்துல ஒட்டியிருக்கு. கோளாறுன்னா கூப்பிடவும்னு போட்டிருக்காம், எக்ஸ்ரே தம்பி படிச்சுச் சொன்னான். எட்டு வருஷம் ஆனா கூப்பிடக் கூடாதுன்னு போடல.

— கூப்பிட்டது தப்பில்ல ஐயா. சொல்லுங்க.

— ஆஸ்பத்திரி ரெக்கார்ட் ரூம்ல இருந்து பேசறேன். கட்டு எடுத்துக் குடுக்கறவன். என் சம்சாரத்துக்குப் பித்தப்பையில கல்லு. சீழ் பிடிச்சிடுச்சாம். இனி தள்ளிப்போட்டா உள்ளயே உடைஞ்சிடும்ங்கறாரு டாக்டரு. நாளைக்குக் காலையில ஆபரேஷன். ஆனா மயக்க மருந்து குடுக்கற டாக்டரு கையை விரிச்சுட்டாரு.

— ஏன்?

— ஒன்பது வருஷத்துக்கு முன்னாடி இதே கல்லுக்கு இதே இடத்துல உள்ள கூட்டிக்கிட்டுப் போனாங்க. மயக்க மருந்து ஒத்துக்காம மூச்சு நின்னுபோயி, பொழைச்சதே பெரிசுன்னு ஆபரேஷன் பண்ணாமலே திருப்பி அனுப்பிட்டாங்க. அது எந்த மருந்துன்னு இவருக்குத் தெரியணுமாம். தெரியாம கை வைக்க மாட்டாராம். அந்தப் பேரு அவளோட பழைய கேஸ் ஷீட்ல இருக்கும். கேஸ் ஷீட்டு உன் பெட்டிக்குள்ள இருக்கு. இன்னைக்கு நாலு மணிக்குள்ள பேரைச் சொன்னாத்தான் நாளைக்கு லிஸ்ட்ல போடுவாரு. இல்லைன்னா அவரு ஊருக்குப் போயிட்டு அடுத்த வாரந்தான் வருவாரு. அது வரைக்கும் தாங்காது. புரிஞ்சுதா என்ன அவசரம்னு?

— புரிஞ்சுது. பேப்பர் எதுவும் இல்லையா?

— பேப்பரா? எல்லாத்தையும் படம் பிடிச்சு உள்ள போட்டாச்சு, இனி காகிதம் எதுக்குன்னு கூழாக்க அனுப்பிட்டாங்க. லாரியில ஏத்தினதே நான்தான். அன்னைக்கே சொன்னேன், காகிதம் கையில இருந்தா எடுத்துப் பார்க்கலாம், இதுக்குள்ள போட்டா கரண்டையும் கம்ப்யூட்டரையும் கும்பிட்டுக்கிட்டு நிக்கணும்னு. கேட்டானுங்களா?

— புது சிஸ்டம் வந்திருக்குமே?

— வந்திருக்கு. அதுல அஞ்சு வருஷத்துக் கதைதான். அதுக்கு முன்னாடி உள்ளதெல்லாம் இந்த ஒத்தப் பெட்டியில. ஆபீசரு லீவு. டைப் அடிக்கற பொண்ணும் லீவு. புது சிஸ்டம் பையனைக் கூப்பிட்டா, அது எங்க கான்ட்ராக்ட்ல வராதுங்கறான்.

— ஏங்க, அந்தப் பொண்ணைப் போட்டு வதைக்காதீங்க. அது பாட்டுக்கு வேலை பார்க்கட்டும்.

— யாரு ஐயா பேசறது?

— அவதான், என் சம்சாரம். போனை ஸ்பீக்கர்ல போட்டு வெச்சிருக்கேன். வார்டுல இரும்மான்னா கேக்க மாட்டா. புழுக்கமா இருக்காம். சக்கர நாற்காலியில இங்க கொண்டுவந்து விட்டுட்டுப் போயிட்டானுங்க. காய்ச்சல் நூத்திரெண்டு, வாய் மட்டும் குறையல.

— இங்க ஃபேனு நல்லாச் சுத்துது கண்ணு. அதான் வந்தேன். நீ சாப்பிட்டியா?

— சாப்பிட்டேன்மா.

— மணி ரெண்டரை. சாப்பிட்டியா, தூங்கினியான்னு விசாரிக்கறா. ஏம்மா, நீ சொல்லு. இப்ப உள்ள இருக்கறதெல்லாம் போச்சா?

— போகல ஐயா. உங்க வேலையை வெச்சே சொல்றேன். டேட்டாபேஸ் உங்க அலமாரி மாதிரி. கேஸ் ஷீட் படமெல்லாம் அதுக்குள்ள அப்படியே இருக்கு. புரோகிராம் அலமாரி முன்னாடி நிக்கற ஆள். லைப்ரரிங்கறது சாவி. இப்ப அலமாரி இருக்கு, ஆளும் இருக்காரு, சாவியைக் காணோம்.

— சாவி தானா நடந்தா போகும்?

— அதான் எனக்கும் புரியல. மவுஸைப் பிடிங்க. மஞ்சளா ஒரு ஃபைல் கவர் மாதிரி படம் இருக்கும், ரெண்டு தடவை தட்டுங்க.

— தட்டிட்டேன்.

— அதுல சி-ன்னு போட்டிருக்கறதைத் தட்டுங்க. அடுத்ததா, எல்-ல ஆரம்பிச்சு எல், ஐ, பி, எஸ்னு ஒண்ணு இருக்கும்.

— இருக்கு. தட்டிட்டேன். ஒண்ணுமில்ல.

— ஒண்ணுமில்லைன்னா?

— வெள்ளையா இருக்கு. துடைச்சு வெச்ச மாதிரி.

— அதுல பதினோரு ஃபைல் இருக்கணும் ஐயா. கடைசியா இந்தப் புரோகிராம் எப்ப ஓடிச்சு?

— போன மாசம் பத்தாம் தேதி வாக்குல ஒரு வக்கீலு வந்தாரு. அப்ப ஓடிச்சு.

— அதுக்கப்புறம் இந்த மெஷின்ல யாராவது கை வெச்சாங்களா?

— வேற யாரு வைப்பா? நான்தான் சுத்தம் பண்ணேன்.

— சுத்தம்னா? தூசி தட்டினீங்களா?

— தூசியும் தட்டினேன். உள்ளயும் பண்ணேன். இடம் நிறைஞ்சுபோச்சு, இடம் நிறைஞ்சுபோச்சுன்னு அது தினம் ஒரு பெட்டி காட்டிச்சு. ஆபீசருகிட்ட சொன்னேன். பழசை எல்லாம் கழிச்சுடுங்க பெரியவரேன்னாரு. கழிச்சேன்.

— எப்படிக் கழிச்சீங்க? எதையெதைன்னு யாரு சொன்னா?

— யாரு சொல்லணும்? இந்த ரூமுக்குச் சட்டம் இருக்கு. ஏழு வருஷம் யாரும் தொடாத கட்டு கழிவு. அதுல யோசனையே கிடையாது. டைப் அடிக்கற பொண்ணு ஒரு தடவை காட்டிச்சு, தேதின்னு போட்டிருக்கற தலைப்பை அமுக்கினா பழசெல்லாம் மேல வந்து வரிசையா நிக்கும்னு. அமுக்கினேன். வந்து நின்னுச்சு. ஏழு வருஷத்துக்கு மேல போன தேதி எல்லாத்தையும் வழிச்சுப் போட்டேன். ஒவ்வொரு கவரா ரெண்டு நாள் பண்ணேன். அவசரப்பட்டுப் பண்ணல.

— ஐயோ.

— என்ன ஐயோ?

— அந்த லைப்ரரி எட்டு வருஷத்துக்கு முன்னாடி போட்டது ஐயா. அதை யாரும் தொடவே மாட்டாங்க. தொடாமலே தினமும் வேலை செய்யும். புரோகிராமை ஆறு வருஷத்துக்கு முன்னாடி ஒரு தடவை மாத்திக் குடுத்தேன், அதனால அது தப்பிச்சிருக்கு. டேட்டாபேஸ்ல ஒவ்வொரு தடவை தேடும்போதும் தேதி மாறும், அதனால அதுவும் தப்பிச்சிருக்கு. சாவியை மட்டும் நீங்க கழிச்சுட்டீங்க.

— அப்ப நான் பண்ண தப்பா?

— தப்புன்னு சொல்லல.

— சொல்லு. சொல்றதுக்கு என்ன? நானே என் பொண்டாட்டிக்கு மருந்துப் பேரு கிடைக்காமப் பண்ணிட்டேன்னு சொல்லு.

— அதை நான் புரோகிராம் பக்கத்துலயே வெச்சிருக்கணும் ஐயா. தனியா ஒரு இடத்துல வெச்சது என் சோம்பேறித்தனம். உங்களுக்கு எப்படித் தெரியும்? சரி, டெஸ்க்டாப்ல குப்பைத்தொட்டி படம் இருக்கும். அழிச்சதெல்லாம் அதுல கிடக்கும். அதைத் திறங்க.

— அது காலி.

— பார்த்துட்டுச் சொல்லுங்க.

— பார்க்க வேண்டாம். நான்தான் காலி பண்ணேன். கழிச்ச குப்பையைத் தொட்டியில வெச்சுக்கிட்டு உக்காந்திருக்கறவன் நான் இல்ல.

— இவரு அப்படித்தான் கண்ணு. வீட்டுலயும் ஒரு காலி டப்பா தங்காது. என்னை இன்னும் வெச்சிருக்காரே, அதுவே ஆச்சரியம்.

— உனக்கு இப்ப விளையாட்டா?

— நான் என்ன பண்ணட்டும்? ரெண்டு பேரும் எழவு வீட்டுல பேசற மாதிரி பேசறீங்க. திறக்கலைன்னா விட்டுடுங்களேன். மாத்திரை குடுப்பாங்க, அது பாட்டுக்கு ஆறிடும்.

— ஆறாது. டாக்டர் சொன்னதை நீ கேட்டல்ல? வாயை மூடிக்கிட்டு உக்காரு.

— ஐயா, அந்த மெஷின்ல நெட் இருக்கா?

— வலை மாதிரி ஒரு வயரு இருந்துச்சு. புதுப் பெட்டிக்கு வேணும்னு கழட்டிக்கிட்டுப் போயிட்டானுங்க.

— உங்க போன்ல நெட்?

— பட்டன் போனு. பேசும், கேக்கும். அதுக்கு மேல எதையும் நான் நம்பறதில்ல.

— எக்ஸ்ரே தம்பின்னு சொன்னீங்களே, அந்த ரூம்ல ஒரு கம்ப்யூட்டர் இருக்குமே? அதுக்கும் நான்தான் எழுதினேன். அதுல எக்ஸ்ரே படம் மட்டுந்தான் இருக்கும், கேஸ் ஷீட் இருக்காது. ஆனா சாவி ஒரே சாவிதான். இதே மாதிரி சி, எல் ஐ பி எஸ். அந்தப் பதினோரு ஃபைலையும் பென்டிரைவ்ல போட்டுக் குடுக்கச் சொல்லுங்க.

— அவனும் கழிச்சிருந்தா?

— அவர் கழிச்சிருக்க மாட்டாரு ஐயா.

— சரி, போறேன். போனை இவ கையில குடுத்துட்டுப் போறேன். இந்தா பிடி. எதையும் அமுக்கிடாத.

— போயிட்டு வாங்க. படி பார்த்து இறங்குங்க. … கண்ணு, இருக்கியா?

— இருக்கேன்மா. வலி எப்படி இருக்கு?

— வலத்துப் பக்கம் ஆணி அடிச்ச மாதிரி இருக்கு. அவருகிட்டச் சொல்லாத. சொன்னா இன்னும் நாலு பேரைத் திட்டுவாரு. நீ ஒண்ணு சொல்லு. இது திறக்காமலே போறதுக்கும் வாய்ப்பிருக்கா?

— பயப்படாதீங்கம்மா. எப்படியாவது திறந்துடலாம்.

— எப்படியாவதா?

— என்னால முடிஞ்சதெல்லாம் பண்றேன்.

— ரொம்பச் சிரமப்படாத கண்ணு. உனக்கு மீட்டிங் இருக்குல்ல? உங்க பெரியவங்க தேடுவாங்க. போறதா இருந்தா போ. நான் அவருகிட்டச் சொல்லிக்கறேன், அந்தப் பொண்ணால ஆகலையாம்னு. உன்மேல தப்பு வராம சொல்லிடறேன்.

— எனக்காகக் கவலைப்படாதீங்கம்மா. நீங்க நல்லாகணும். அதுதான் முக்கியம்.

— நல்ல பொண்ணு. உங்க அம்மா குடுத்து வெச்சவங்க. இந்த எக்ஸ்ரே பெட்டியில எல்லாமே இருக்குமோ?

— கேஸ் ஷீட் இருக்காது. சாவி இருக்கும்.

— சாவி இருக்கும். ம்.

— ஆமாம்மா. அது வந்துட்டா திறந்துடும்.

— அவரு வர்ற சத்தம் கேக்குது. செருப்பை இழுத்துக்கிட்டு ஓடி வர்றாரு பாரு, இந்த வயசுல.

— குடு போனை. ஏம்மா, கொண்டுவந்துட்டேன். பதினொண்ணு. எண்ணிப் பார்த்து வாங்கினேன். எக்ஸ்ரே தம்பியே வந்து குத்தி, காலியாக் கிடந்த அந்த வெள்ளைக் கவருக்குள்ள போட்டுட்டு ஓடிட்டான். அங்க ஒரு காலு ஒடிஞ்சு கிடக்குதாம்.

— சூப்பர் ஐயா. இப்ப புரோகிராமைத் திறங்க.

— திறக்கறேன். சுத்துது. இன்னும் சுத்துது. பெட்டி வந்துடுச்சு. அதே சிவப்பு.

— அதே எழுத்தா?

— இல்ல. இது வேற. ரொம்ப நீளமா இருக்கு. கடைசியில மூணு, ரெண்டு. அதுக்கு முன்னாடி ஆறு, நாலு.

— அடடா. எக்ஸ்ரே ரூம்ல புது கம்ப்யூட்டர் மாத்திட்டாங்களா?

— போன வருஷம் மாத்தினாங்க.

— அதான். பதினொண்ணுல பத்து எல்லா மெஷினுக்கும் பொது, டேட்டாபேஸ் சாவி மட்டும் ரெண்டு அளவுல இருக்கு ஐயா. அறுபத்திநாலு, முப்பத்திரெண்டு. புது மெஷினுக்கு வேற, பழசுக்கு வேற. இது பெரிய பூட்டோட சாவி. உங்க அலமாரியில நுழையாது.

— அப்ப முக்கா மணி நேரமா என்னை எதுக்கு ஓடவெச்ச? மணி மூணே காலு. டாக்டர் ரூம் வாசல்ல இருக்கற அம்மா எட்டிப் பார்த்துக் கேட்டுட்டுப் போயிடுச்சு. பெரியவரே, பேரு கிடைச்சுதான்னு. எனக்கு மூஞ்சியை எங்க வெச்சுக்கறதுன்னு தெரியல.

— மன்னிச்சுக்கங்க ஐயா.

— மன்னிச்சு என்ன பண்ண? உங்க ஆளுங்க எல்லாருமே இப்படித்தான். கொண்டுவந்து வைக்கும்போது ஒரு சிரிப்பு, ஒரு கைதட்டு. எல்லாம் உள்ள இருக்கு, ஒரு நொடியில வரும். இப்ப வா, வந்து பாரு. உள்ள இருக்கு. இருந்து என்ன? கண்ணாடிக்கு அந்தப் பக்கம் என் பொண்டாட்டியோட உசிரு இருக்கு, இந்தப் பக்கம் நான் நிக்கறேன். ஒரு விரல்கடைத் தூரம். சுத்தியல் எடுத்து உடைச்சா வருமா சொல்லு, உடைக்கறேன்.

— வராது ஐயா.

— தெரியும்.

— ஏங்க, தண்ணி குடிங்க. விடுங்க. பார்க்க வேண்டியதைப் பார்த்தாச்சு. அந்த டாக்டருகிட்டப் போய், கிடைக்கலை, மருந்து மாத்திரையிலயே பார்த்துக்கறோம்னு சொல்லிடுங்க.

— உன்னை யாரும் கேக்கல.

— என் உடம்பு. என்னைத்தானே கேக்கணும்.

— கேட்டா நீ என்ன சொல்லுவ? வேண்டாம்பே. ஒவ்வொரு தடவை வலி வரும்போதும் வேண்டாம்னு சொல்லிச் சொல்லித்தான் சீழ் பிடிக்கற வரைக்கும் வந்துச்சு. நானும் இன்னொரு தடவை மூச்சு நின்னுட்டா என்ன பண்றதுன்னு வாயைத் திறக்கல. ஒன்பது வருஷம் ரெண்டு பேரும் அந்தக் கல்லுக்குக் காவல் இருந்தோம்.

— ஐயா. ஐயா, ஒரு நிமிஷம். கட்டு முதுகுல நம்பர் ஒட்டுவீங்களே, அந்த லேபிள் எங்க அடிப்பீங்க?

— இதே பெட்டியிலதான் அடிச்சோம். அது நின்னு ரெண்டு வருஷம் ஆச்சு. அதுக்கு என்ன இப்போ?

— இந்தக் கேஸ் ஷீட் புரோகிராமை மாத்திக் குடுத்தப்பதான் அந்த லேபிள் புரோகிராமையும் போட்டோம். ஆறு வருஷம். ஏழு ஆகல.

— ஆகலைன்னா?

— நீங்க கழிச்சிருக்க மாட்டீங்க. அதுக்குள்ள ஒரு சாவி இருக்கும். அதே அளவு, முப்பத்திரெண்டு.

— இதை முன்னாடியே சொல்றதுக்கு என்னம்மா?

— இப்பத்தான் ஞாபகம் வந்துச்சு. சி-க்குப் போங்க. எல், ஏ, பி, ஈ, எல். இருக்கா?

— இரு, கண்ணாடியைப் போட்டுக்கறேன். எல், ஏ… இருக்கு.

— உள்ள போங்க. எல் ஐ பி, கோடு, டி பி.

— எல், ஐ, பி. கோடு. டி, பி. இருக்கு. இருக்கும்மா. தேதி ஆறு வருஷம், ரெண்டு மாசம்.

— அதை ஒரு தடவை தட்டுங்க. நீலமாகும். மவுஸோட வலது பக்கப் பட்டனை அமுக்கினா ஒரு பட்டியல் வரும், அதுல சி-யில ஆரம்பிக்கறது காப்பி.

— சி, யூ, டி.

— அது இல்ல, அதைத் தொடாதீங்க. அடுத்தது. சி, ஓ, பி.

— சரி.

— இப்ப அந்த வெள்ளைக் கவருக்குள்ள போய், வலது பட்டன், பி-யில ஆரம்பிக்கறது. பழசு இருக்கு, மாத்தட்டுமான்னு கேக்கும். மாத்துன்னு சொல்லுங்க.

— கேக்குது. மாத்திட்டேன். அங்க இருந்ததும் அப்படியே இருக்குல்ல? எடுத்துடலையே?

— இருக்கும் ஐயா. இது நகல்தான். இப்ப புரோகிராமைத் திறங்க.

— மணி மூணு நாப்பது.

— திறங்க ஐயா.

— சுத்துது. இவளே, என்ன என் சட்டையைப் பிடிச்சு இழுக்கற?

— ஒண்ணுமில்ல.

— வலிக்குதா?

— ஆமா. வார்டுக்குப் போகலாமா? வாங்க, இப்பவே போகலாம்.

— ஒரு நிமிஷம் பொறு. வந்துடுச்சு. பெட்டி வரல, சிவப்பு வரல. கட்டம் கட்டமா வந்து நிக்குது. நம்பர் கேக்குது.

— ஐயா, திறந்துடுச்சு. அவ்வளவுதான். அம்மாவோட ஆஸ்பத்திரி நம்பர் போடுங்க.

— அது எனக்கு மனப்பாடம். நான்தானே அந்தக் கட்டுக்கு நூல் கட்டி வெச்சேன். நாலு, ஒண்ணு, ஒண்ணு, ஏழு, அஞ்சு. தட்டிட்டேன். வருது. படம் வருது. காகிதம் அப்படியே இருக்கும்மா, மடிப்பு உள்பட.

— மயக்க மருந்துன்னு ஒரு கட்டம் இருக்கும். மேல ஏ, என், ஏ-ன்னு ஆரம்பிக்கும். அதுல என்ன இருக்கு?

— கோடு போட்டிருக்கு.

— கோடுன்னா?

— ஒண்ணும் எழுதல. கட்டத்துக்குக் குறுக்க ஒரு கோடு.

— அடுத்த பக்கம் பாருங்க.

— அடுத்த பக்கமே இல்ல. இது ஒண்ணுதான். கீழ டாக்டரு கையில ரெண்டு வரி எழுதியிருக்காரு. அதுக்குக் கீழ ஒரு பெருவிரல் ரேகை.

— அந்த ரெண்டு வரியை எழுத்தெழுத்தாச் சொல்லுங்க.

— கோழி கிளறின மாதிரி இருக்கு. பி, ஏ, டி… அது நோயாளின்னு எனக்குத் தெரியும், தினம் பார்க்கறது. அப்புறம் ஆர், ஈ, எஃப், யூ, எஸ், ஈ, டி. அதானே மருந்து? என்னம்மா, அதானே? நான் ஓடிப்போய்ச் சொல்லிடட்டுமா?

— மிச்சத்தையும் படிங்க ஐயா.

— ஓ, என். டி, ஏ, பி, எல், ஈ. அப்புறம் என், ஓ. அப்புறம் அந்த ஏ, என், ஏ திரும்ப வருது. ஜி, ஐ, வி, ஈ, என். அவ்வளவுதான்.

— ஐயா, அம்மா பக்கத்துலயா இருக்காங்க?

— பக்கத்துலதான். மருந்து பேரைச் சொல்லும்மா, மணி ஆகுது.

— அது மருந்து பேரு இல்ல. மறுத்துட்டாங்கன்னு அர்த்தம். மேசைக்கு வந்த பிறகு நோயாளி வேண்டாம்னு சொல்லிட்டாங்க, மயக்க மருந்து குடுக்கவே இல்லைன்னு எழுதியிருக்கு.

— தப்பு. வேற ஆளு கட்டா இருக்கும்.

— மேல பேரைப் பாருங்க ஐயா.

— பேரு அவளோடதுதான். வீட்டு விலாசம் எங்களுதுதான். எல்லாம் மாத்தி ஏத்தியிருப்பானுங்க. மூச்சு நின்னுபோன ஆளுக்கு மருந்தே குடுக்கலைன்னு காட்டுது பாரு, இதைப் போய் நம்பச் சொன்னீங்களே. நான் சொன்னேன், இந்தப் பெட்டியை நம்பறதுக்கில்ல, பொய் சொல்லும்னு.

— ஏங்க, உக்காருங்க. அது பொய் சொல்லல.

— நீ சும்மா இரு.

— ஒன்பது வருஷம் சும்மா இருந்தாச்சு. அந்த ரேகை என்னோடதுதான். படுக்க வெச்சாங்க. தலைக்கு மேல அந்தப் பெரிய விளக்கு. ஒருத்தரு மூக்குக்கு நேரா மூடியைக் கொண்டுவந்தாரு. எந்திரிச்சு உக்காந்துட்டேன். எனக்கு வேண்டாம், விட்டுடுங்கன்னு அழுதேன். ஒரு காகிதத்தை நீட்டினாங்க, பெருவிரலை உருட்டி வெச்சேன். வெளிய நீங்க வெளிறிப்போய் நின்னீங்க. பயந்து ஓடி வந்துட்டேன்னு சொல்ல வாய் வரல. மருந்து ஒத்துக்கல, மூச்சு நின்னுபோச்சுன்னு சொல்லிட்டேன்.

— நீ சொன்ன. நான் நம்பினேன். யாரையும் நம்பாதவன் அதை நம்பினேன். அந்தக் கட்டை என் கையால அடுக்கினேன். யாராவது படிச்ச ஆளுகிட்டக் குடுத்துப் படிக்கச் சொல்லியிருக்கலாம். கேக்க மனசு வரல. ராத்திரி எந்திரிச்சு உன் மூக்குகிட்ட விரலை வெச்சுப் பார்த்திருக்கேன்டி. எத்தனை ராத்திரி.

— தெரியும். முழிச்சுக்கிட்டுதான் இருந்தேன்.

— ஐயா, நான் நடுவுல பேசறேன்னு நினைக்காதீங்க. மணி மூணு அம்பது. ஒத்துக்காத மருந்துன்னு எதுவுமே இல்ல. டாக்டர்கிட்ட இதைச் சொன்னா நாளைக்கே பண்ணுவாரு. போய்ச் சொல்லுங்க.

— போறேன்.

— போகாதீங்க. அது திறக்கக் கூடாதுன்னுதான் காலையில இருந்து இங்க உக்காந்திருக்கேன். என்னால அந்த விளக்குக்குக் கீழ படுக்க முடியாது. அன்னைக்கும் முடியல, நாளைக்கும் முடியாது.

— உள்ளயே வெடிச்சுச் சாகறது மட்டும் முடியுமா? இந்த ஆஸ்பத்திரியில எனக்குத் தெரியாத டாக்டர் கிடையாது. தினம் பத்துப் பேரு உள்ள போறான், பத்துப் பேரும் நடந்து வீட்டுக்குப் போறான். அப்படி என்னடி பயம் உனக்கு? யாரு உனக்கு அந்தப் பயத்தைக் காட்டினா?

— தினம் சாயங்காலம் வந்து சட்டையைக் கழட்டி மாட்டிக்கிட்டே, இன்னைக்கு யாரோட கட்டைச் செத்தவங்க அலமாரிக்கு மாத்தினேன்னு சொல்லுவீங்களே, முப்பது வருஷமா அடுப்படியில நின்னு கேட்டவ நான். நடந்து வீட்டுக்குப் போனவங்க ஒருத்தரைப் பத்தியாவது இன்னைக்கு வரைக்கும் என்கிட்டச் சொல்லியிருக்கீங்களா?